மண்ணை வெட்டி நாட்டைப் பிடித்தவர்கள்

ஸ்காட்லாந்தில் டே ஆற்றங்கரையில் இஞ்ச்டூதில் என்ற இடத்தில் ஒரு ரோமானியக் கோட்டை இருந்தது. அதன் பட்டறை இருந்த பகுதியை 1960இல் தோண்டிய அகழாய்வாளர்கள், ஏறக்குறைய இரண்டு மீட்டர் மண்ணுக்குக் கீழே இரும்பு ஆணிக் குவியல் ஒன்றைக் கண்டார்கள். விரல் நீளத்திலிருந்து முழங்கை நீளம் வரை பல அளவுகளில் கிடந்த அந்த ஆணிகளின் எண்ணிக்கை 8 லட்சத்துக்கும் அதிகம். குவியலின் வெளிப்புறத்தில் இருந்தவை துருப்பிடித்து ஒன்றோடொன்று ஒட்டி ஓடுபோல் இறுகியிருந்தன. அந்த ஓடு காற்றையும் ஈரத்தையும் தடுத்ததால் உள்ளே இருந்த ஆணிகள் பெரிய சேதமில்லாமல் பிழைத்துக் கிடந்தன. அணுக்கழிவை அடைத்துப் புதைக்கும் உலோகக் கலங்கள் மண்ணுக்குள் நெடுங்காலம் எப்படித் தாங்கும் என்று ஆராய்ந்த அறிவியலாளர்கள்கூடப் பிற்காலத்தில் இந்த ஆணிகளைப் பரிசோதித்தார்கள்.

ஆணிகள் அங்கே போனதற்குக் காரணம் எளிது. கி.பி. 83 வாக்கில் கட்டத் தொடங்கிய கோட்டை அது. வேலை முடியும் முன்பே, நான்கைந்து ஆண்டுகளுக்குள், டான்யூப் எல்லையில் நெருக்கடி முற்றி, பிரிட்டனிலிருந்து படையைத் திருப்பி அனுப்ப வேண்டிவந்தது. வீரர்கள் தாங்கள் கட்டியதைத் தாங்களே பிரித்தார்கள். தூக்கிப்போக முடியாத ஆணிகளை அப்படியே விட்டுப்போனால் அப்பகுதியின் கலிடோனிய மக்கள் அவற்றைக் காய்ச்சி அடித்து ஈட்டிமுனை செய்துகொள்வார்கள். ஆகவே ஆழக் குழி வெட்டிக் கொட்டி, மேலே மண் தள்ளிக் கெட்டித்துவிட்டுப் போனார்கள்.

ரோமானியப் படை என்றதும் செம்மேலங்கியும் பளபளக்கும் தலைக்கவசமும் வாள்வீச்சும்தான் நம் கண்ணில் வருகின்றன. திரைப்படங்கள் அப்படிப் பழக்கிவிட்டன. ஆனால் ஸ்காட்லாந்து முதல் சிரியா வரை ஒரு நகரத்தின் ஆட்சியைப் பரப்பியதும், அதைப் பல நூற்றாண்டுகள் நிலைநிறுத்தியதும் வேறு வகையான திறமை. தோண்டுவது, எண்ணுவது, ஊட்டுவது, தோற்றவனைத் தன் பக்கம் சேர்த்துக்கொள்வது என்ற நான்கு வேலைகளை அலுக்காமல் செய்த படை அது. அந்த நான்கையும் ஒவ்வொன்றாகப் பார்த்தால்தான் ரோமின் வெற்றியும் புரியும், அந்த வெற்றிக்கு மற்றவர்கள் கொடுத்த விலையும் புரியும்.

தோற்றாலும் தீராத படை

கி.மு. 216 ஆகஸ்டில் தென்கிழக்கு இத்தாலியின் கன்னே சமவெளியில் ரோம் தன் வரலாற்றின் மிகப்பெரிய தோல்விகளில் ஒன்றைச் சந்தித்தது. எதிரே நின்றவர் கார்த்தேஜின் தளபதி ஹன்னிபல். ரோமானியர்கள் எண்ணிக்கையில் அதிகம். ஹன்னிபல் தன் நடுவரிசையை முன்னே பிதுங்கி நிற்கும்படி அமைத்து, போர் தொடங்கியதும் அதை மெல்லப் பின்வாங்கச் செய்தார். வெற்றி கிட்டுகிறதென்று ரோமானியக் காலாட்படை உள்ளே நெருக்கிக்கொண்டு போக, இருபக்கமும் நின்ற ஆப்பிரிக்க வீரர்கள் திரும்பி விலாவில் பாய்ந்தார்கள். ரோமானியக் குதிரைப்படையை விரட்டிவிட்டு வந்த கார்த்தேஜ் குதிரைகள் பின்பக்கத்தை அடைத்தன. வாளை ஓங்கவும் இடமில்லாமல் நெருக்குண்டு செத்தவர்களின் எண்ணிக்கையை வரலாற்றாசிரியர் பொலிபியஸ் 70,000 என்கிறார். இன்னொரு வரலாற்றாசிரியரான லிவி 48,000 அளவில் சொல்கிறார். குறைந்த கணக்கை எடுத்துக்கொண்டாலும் ஒரே பகலில் நடந்த பேரழிவு அது. அதற்கு முந்தைய இரண்டு ஆண்டுகளில் டிரெபியா ஆற்றிலும் டிரசிமீன் ஏரிக்கரையிலும் ஏற்கெனவே இரண்டு பெரிய தோல்விகள்.

அன்றைய உலகில் பெரும்பாலான அரசுகள் இதற்குப் பிறகு தூது அனுப்பிச் சமாதானம் பேசியிருக்கும். ரோம் பேசவில்லை. புதிதாக ஆள் திரட்டியது. போதாதபோது 8,000 அடிமைகளை அரசே விலைகொடுத்து வாங்கி ஆயுதம் கொடுத்தது. கன்னேக்கு நான்கைந்து ஆண்டுகள் கழித்து அதன் கையில் லீஜியன் என்ற பெரும்படைப் பிரிவுகள் சுமார் 25 இருந்தன. கி.மு. 202இல் ஆப்பிரிக்க மண்ணிலேயே, ஸாமாவில், ஹன்னிபல் தோற்றார்.

இவ்வளவு ஆள் எங்கிருந்து வந்தார்கள் என்பதற்குப் பொலிபியஸிடம் பதில் இருக்கிறது. கி.மு. 225இல் ரோமும் அதன் கூட்டாளிகளும் சேர்ந்து திரட்டக்கூடிய ஆள்பலம் 7 லட்சம் காலாட்களுக்கும் 70,000 குதிரை வீரர்களுக்கும் மேல் என்று அவர் எழுதுகிறார். இத்தாலியில் தான் வென்ற ஊர்களிடம் ரோம் கப்பம் கேட்கவில்லை. படைக்கு ஆள் கேட்டது. உள்ளூர் நிர்வாகத்தைப் பெரும்பாலும் அவர்களிடமே விட்டது. அடுத்த போரில் கிடைக்கும் கொள்ளையிலும் நிலத்திலும் பங்கு கொடுத்தது. இதனால் ஒவ்வொரு வெற்றியும் அடுத்த போருக்கான ஆளைக் கொண்டுவந்தது. அதே காரணத்தால் போர் நின்றால் இந்த ஏற்பாட்டுக்குப் பயனில்லை என்ற நிலையும் வந்தது. கப்பம் வாங்கும் அரசு சும்மா இருந்துகொண்டே வாங்கலாம். ஆள் வாங்கும் அரசு அவர்களை எங்காவது போருக்கு அனுப்பியாக வேண்டும். குடியரசுக் கால ரோம் ஏறக்குறைய ஆண்டுதோறும் ஏதோ ஒரு போரில் இருந்ததற்கு இது முக்கியமான காரணம்.

எட்டுப் பேர், ஒரு கூடாரம்

பேரரசுக் காலத்து லீஜியனின் அடிப்படை அலகு எட்டுப் பேர். ஒரே தோல் கூடாரத்தில் படுத்து, ஒரே அடுப்பில் சமைத்து, ஒரே திருகையில் மாவரைத்தவர்கள். கூடாரத்தையும் திருகையையும் சுமக்க அவர்களுக்கென்று ஒரு கோவேறு கழுதை. இப்படிப் பத்துக் கூடாரம் சேர்ந்தால் 80 பேர் கொண்ட ஒரு செஞ்சுரி. அதற்குத் தலைவன் செஞ்சூரியன். ஆறு செஞ்சுரி ஒரு கோஹார்ட், பத்துக் கோஹார்ட் ஒரு லீஜியன். மொத்தம் சுமார் 5,000 பேர். தளபதிகள் மாறினார்கள், பேரரசர்கள் மாறினார்கள்; அந்த எட்டுப் பேருக்கிடையே இருந்த பழக்கமும் பொறுப்பும் மாறவில்லை. போர்க்களத்தில் ஓடிப்போகாமல் ஒருவனைப் பிடித்து நிறுத்துவது பெரும்பாலும் பக்கத்தில் நிற்பவனின் முகம்தான்.

பயிற்சி கடுமையானது. கோடைக்கால ஐந்து மணி நேரத்தில் 20 ரோமானிய மைல் நடக்க வேண்டும் என்று வெஜிஷியஸ் என்ற எழுத்தாளர் குறிப்பிடுகிறார். ரோமானியர்கள் பகலைப் பன்னிரண்டாகப் பிரித்து மணி கணக்கிட்டதால் கோடையில் ஒரு மணி என்பது நம் கணக்கில் சுமார் 75 நிமிடம். ஆக, 30 கிலோமீட்டர் தூரத்தை ஆறேகால் மணி நேரத்தில் கடக்க வேண்டும். முதுகில் 20 கிலோ சுமையோடு நடக்கவும் பழக்கினார்கள்.

இவ்வளவு தூரம் நடந்து முடித்தவுடன் படுக்க முடியாது. பாசறை கட்ட வேண்டும். முன்னதாகவே போய்விட்ட நில அளவையாளர்கள் இடத்தைத் தேர்ந்து வைத்திருப்பார்கள். அவர்கள் கையில் இருக்கும் கருவி குரோமா. ஒரு கம்பத்தின் உச்சியில் சிலுவை வடிவச் சட்டம், அதன் நான்கு முனையிலும் தூக்குக் குண்டு. எதிரெதிர் நூல்கள் ஒன்றையொன்று மறைக்கும்படி பார்த்தால் நேர்கோடு. குறுக்கு நூல்களின் வழியே பார்த்தால் செங்கோணம். அதை வைத்துத் தெருக்களைக் குறித்துக் கொடி நட்டுவிட்டால் போதும். தன் கூடாரம் எந்தத் தெருவில் எத்தனையாவது என்பது ஒவ்வொருவனுக்கும் தெரியும், ஏனென்றால் எந்த நாட்டில் பாசறை போட்டாலும் அமைப்பு ஏறத்தாழ ஒன்றுதான். சுற்றிலும் 5 அடி அகலம், 3 அடி ஆழத்துக்கு அகழி. வெட்டிய மண்ணை உட்புறம் கொட்டினால் மதில். அதன்மேல் கையோடு கொண்டுவந்த கூர்முனைக் கட்டைகளை நட்டால் வேலி. காலையில் எல்லாவற்றையும் பிரித்துக்கொண்டு மறுபடி நடை.

இந்த வேலையின் பயன் பெரிது. பகை மண்ணில் இரவுத் தாக்குதலுக்கு அஞ்சாமல் தூங்கலாம். பகலில் போர் எதிர்பாராமல் திரும்பினால் ஓடி நுழைந்துகொள்ள ஒரு அரண் இருக்கும். சிதறியவர்கள் மறுபடி சேர ஒரு இடம் இருக்கும். ஒரு போரில் தோற்ற படை முழுவதுமாக அழிந்துபோகாமல் இருப்பதற்கு இது போதும்.

அந்த அகழிகள் இன்றும் மறையவில்லை. பிரிட்டனில் வறண்ட கோடையில் விமானத்திலிருந்து பார்த்தால், பயிர் நிலங்களில் வட்டமான மூலைகளுடன் நீண்ட செவ்வகங்கள் பசுமையாகத் தெரியும். தூர்ந்துபோன அகழியில் மண் ஆழமாகவும் ஈரமாகவும் இருக்கும். அதன்மேல் வளரும் பயிர் மற்றதைவிட உயரமாகவும் பச்சையாகவும் நிற்கும். சுற்றிலும் உள்ள பயிர் காயும்போது இந்தக் கோடுகள் மட்டும் பச்சையாக எஞ்சும். ஒரே இரவு, இரண்டு இரவு தங்கிவிட்டுப் போன பாசறைகள்கூட இப்படி நூற்றுக்கணக்கில் கண்டுபிடிக்கப்பட்டிருக்கின்றன.

கார்புலோ என்ற தளபதி, பகைவனை வெல்ல வேண்டிய ஆயுதம் டொலாப்ரா என்று சொல்லிவந்ததாக ஒரு பழைய குறிப்பு உண்டு. ஒரு பக்கம் கோடாலியும் மறுபக்கம் குந்தாலியுமாக இருக்கும் வேலைக்கருவி அது. ரோம் நகரில் கி.பி. 113இல் எழுப்பிய டிராஜன் தூணும் இதையே கல்லில் காட்டுகிறது. டாசியப் போரைச் சித்திரிக்கும் அந்தச் சுருள் சிற்பத்தில் வீரர்கள் மரம் வெட்டுகிறார்கள், கூடையில் மண் சுமக்கிறார்கள், மதில் எழுப்புகிறார்கள். சண்டைக் காட்சிகளுக்கு இணையாக, பல இடங்களில் அவற்றைவிட அதிகமாகவே, இந்த வேலைகள் இடம்பெற்றிருக்கின்றன. தன் வெற்றிச் சின்னத்தில் கொத்தனார் வேலையைச் செதுக்கிக்கொண்ட அரசு அது.

கோதுமைக் கணக்கு

ஒரு காலாள் வீரனுக்கு மாதம் அளந்த கோதுமையைப் பொலிபியஸ் குறிப்பிடுகிறார். நம் அளவில் அது சுமார் 35 லிட்டர். ஒரு நாளைக்கு ஏறக்குறைய 900 கிராம். அப்படியானால் 5,000 பேர் கொண்ட லீஜியனுக்குத் தினம் நாலரை டன் தானியம் வேண்டும். ஒரு கோவேறு கழுதை 120 கிலோ சுமக்கும் என்று வைத்தால், ஒரு நாள் சாப்பாட்டுக்கு 38 கழுதைகள். பத்து நாளுக்கு 380.

சிக்கல் இதற்குப் பிறகுதான். கழுதைக்கும் வயிறு உண்டு. தினம் 2 கிலோ வாற்கோதுமை கொடுத்தால் 60 நாளில் அது தன் முதுகுச் சுமையைத் தானே தின்று தீர்த்துவிடும். திரும்பி வருவதற்கும் தீவனம் வேண்டுமே. ஆக, கிடங்கிலிருந்து 30 நாள் நடைத்தூரத்தில் உள்ள படைக்கு அந்தக் கழுதை கொண்டுபோய்ச் சேர்ப்பது ஒன்றுமேயில்லை. வழியில் புல் கிடைத்தால் கணக்கு சற்று இளகும். குளிர்காலத்தில் அதுவும் இல்லை. தரைவழியே எவ்வளவு தூரம் படை நடத்தலாம் என்பதற்கு இயற்கை போட்ட எல்லை இது. எந்த வீரத்தாலும் அதைத் தாண்ட முடியாது.

படகுக்கு இந்தத் தொல்லை இல்லை. நீரோட்டம் தீவனம் கேட்பதில்லை. ரோமானியப் பேரரசின் வரைபடத்தை விரித்துப் பார்த்தால் பெரிய படைத்தளங்கள் ரைன், டான்யூப் ஆற்றங்கரைகளில் வரிசையாக இருப்பது தெரியும். அந்த ஆறுகளை எல்லைக்கோடு என்று மட்டும் நினைக்கிறோம். படைக்குச் சோறு போட்ட பாதைகளும் அவையே.

வீரர்கள் என்ன தின்றார்கள் என்பதற்கு வேதியியல் சாட்சி கிடைத்திருக்கிறது. ஸ்காட்லாந்தின் பேர்ஸ்டன் கோட்டையில் கழிப்பறைச் சாக்கடை வடிந்த அகழியின் மண்ணை ஆராய்ந்தார்கள். கோதுமைத் தவிடு ஏராளமாக இருந்தது. இறைச்சி உணவின் அடையாளமான கொலஸ்டிரால் மிகக் குறைவு. கி.பி. 2ஆம் நூற்றாண்டில் அங்கே இருந்தவர்கள் பெரும்பாலும் தானிய உணவில் வாழ்ந்திருக்கிறார்கள். அதே மண்ணில் அத்தி விதையும் கொத்தமல்லியும் கிடைத்தன. அத்தி வெளிநாட்டிலிருந்து வந்திருக்க வேண்டும். குளிர்ந்த வட எல்லையின் கடைசிக் கோட்டை வரைக்கும் மத்தியதரைக் கடலின் பழம் போயிருக்கிறது.

அதைவிடத் தொலைவிலிருந்து போனது மிளகு. ஜெர்மனியில் லிப்பே ஆற்றங்கரையில் ஓபராடன் என்ற படைத்தளம் கி.மு. 11இல் அமைத்து மூன்று நான்கு ஆண்டுகளில் கைவிடப்பட்டது. அங்கே அகழாய்வில் கருமிளகு கிடைத்தது. மிளகுக் கொடி அன்று விளைந்தது தென்னிந்தியாவின் மேற்குத் தொடர்ச்சி மலைச் சரிவில். சேரர் துறைமுகமான முசிறி போன்ற இடங்களில் கப்பலேறி, பருவக்காற்றில் செங்கடல் வந்து, பாலைவனத்தை ஒட்டகத்தில் கடந்து, நைல் வழியாக அலெக்சாண்டிரியா சேர்ந்து, அங்கிருந்து இத்தாலிக்கும் பிறகு ரைன் கரைக்கும் அது போக வேண்டும். கி.மு. 30இல் எகிப்தை ரோம் கைப்பற்றியதும் இந்தக் கடல்வழி முன்னெப்போதையும்விடச் சுறுசுறுப்பானது. ஒரு சில ஆண்டே இருந்த எல்லைப்புறத் தளத்துக்கும் மிளகு போய்ச் சேர்ந்தது, ரோமானிய வழங்கல் வலை எவ்வளவு நீளமானது என்பதற்கு நல்ல அத்தாட்சி.

அலேசியாவின் இரட்டை வளையம்

தோண்டுவதும் ஊட்டுவதும் சேர்ந்து ஒரு போரைத் தீர்மானித்த இடம் அலேசியா. கிழக்கு பிரான்சில் ஓஸ்வா மலைமேல் இருந்த ஊர். கி.மு. 52இல், இன்றைய பிரான்ஸ் பகுதியான கால் (Gaul) நாட்டு மக்களை ஒன்றுதிரட்டி ரோமை எதிர்த்த வெர்சிங்கெட்டோரிக்ஸ் தன் படையோடு அந்த மலைமேல் அரண் புகுந்தார். ஜூலியஸ் சீசர் மலைமேல் ஏறித் தாக்கவில்லை. மலையைச் சுற்றி 11 ரோமானிய மைல் நீளத்துக்கு, அதாவது 16 கிலோமீட்டருக்கு, முற்றுகை வரிசை அமைக்கச் சொன்னார். வெளியிலிருந்து பெரும்படை உதவிக்கு வருகிறது என்று தெரிந்ததும், தன் படைக்கு முதுகுப்புறமாக வெளியே பார்த்த இன்னொரு வரிசை. அதன் நீளம் 14 ரோமானிய மைல். உள்ளே இருப்பவரை அடைக்க ஒரு வளையம், வெளியே இருந்து வருபவரைத் தடுக்க ஒரு வளையம், இடையில் சீசரின் படை.

அந்த அரணின் அமைப்பைச் சீசரே விவரமாக எழுதியிருக்கிறார். 15 அடி அகலத்தில் இரண்டு அகழிகள், உட்புற அகழியில் ஆற்றைத் திருப்பி விட்ட நீர். பின்னால் 12 அடி உயர மண்மதிலும் வேலியும், 80 அடிக்கு ஒரு காவல் கோபுரம். அகழிக்கு முன்னே, ஓடிவருபவனின் காலைக் குறிவைத்த பொறிகள். கிளைகளைக் கூராகச் சீவி, பிடுங்க முடியாதபடி அடியில் பிணைத்துப் புதைத்த வரிசைகள். அவற்றுக்கு முன்னே, 3 அடி ஆழக் குழிகளில் தொடைப் பருமனுள்ள கூர்முளைகளை நட்டு, மேலே சுள்ளியும் புல்லும் பரப்பி மறைத்தவை. அதற்கும் முன்னே தரையில் சிதறப் பதித்த இரும்புக் கொக்கிகள். இரவில் தாக்க வந்தவர்கள் மதிலை நெருங்கும் முன்பே இவற்றில் விழுந்தார்கள்.

சீசர் தன் புகழுக்காக எழுதியதை எவ்வளவு நம்பலாம்? 1860களில் பிரெஞ்சுப் பேரரசர் மூன்றாம் நெப்போலியன் அங்கே அகழாய்வு நடத்தினார். 1991 முதல் 1997 வரை பிரெஞ்சு, ஜெர்மன் ஆய்வாளர்கள் சேர்ந்து மறுபடி தோண்டினார்கள். இரு வளையங்களும் இருந்தன, அகழிகளும் குழிகளும் இருந்தன. அளவுகள் மட்டும் புத்தகத்தில் உள்ளதுபோல் எங்கும் ஒரே சீராக இல்லை. நிலத்தின் வாகுக்கு ஏற்ப மாறியிருந்தன. சீசரின் துணைத்தளபதி டைட்டஸ் லாபியேனஸின் பெயர் பொறித்த கவண் குண்டுகளும் கிடைத்தன.

இந்தப் பொறியியல் சாதனையைப் படிக்கும்போது இன்னொன்றையும் சேர்த்துப் படிக்க வேண்டும். மலைமேல் தானியம் குறைந்ததும் போரிட முடியாதவர்களை வெளியேற்றினார்கள். அலேசியா யாருடைய ஊரோ அந்த மண்டூபிய மக்கள்தான் அவர்கள். பெண்களும் குழந்தைகளும் முதியோரும் ரோமானிய மதிலருகே வந்து, எங்களை அடிமைகளாகவாவது எடுத்துக்கொண்டு சோறு போடுங்கள் என்று கெஞ்சினார்கள். சீசர் மதிலில் காவலைப் பலப்படுத்தி, யாரையும் உள்ளே விடக்கூடாது என்றார். ஊருக்கும் மதிலுக்கும் நடுவே அவர்கள் பட்டினியில் மடிந்தார்கள். முற்றுகை முடிந்ததும் ஒவ்வொரு ரோமானிய வீரனுக்கும் ஒரு கைதி பங்காகக் கிடைத்தது. வெர்சிங்கெட்டோரிக்ஸை ஆறு ஆண்டு சிறையில் வைத்து, வெற்றி ஊர்வலத்தில் காட்சிப்பொருளாக நடத்திவிட்டுக் கொன்றார்கள். கால் நாட்டுப் போர்களில் பத்து லட்சம் பேர் செத்ததாகவும் அதே அளவு பேர் சிறைப்பட்டதாகவும் பழைய எழுத்தாளர் புளூட்டார்க் எழுதுகிறார். எண்ணிக்கை மிகையாக இருக்கலாம். ஆனால் ஒரு நாட்டையே உலுக்கிய அழிவு அது என்பதில் ஐயமில்லை.

மே 18ஆம் தேதி வருகைப் பதிவு

வென்ற நாட்டில் அன்றாடம் எப்படி இருந்தது? வட இங்கிலாந்தின் விண்டோலாண்டா கோட்டையில் 1973 முதல் கிடைத்துவரும் மரச்சீட்டுகள் இதற்குப் பதில் சொல்கின்றன. அஞ்சலட்டை அளவில் மெல்லச் சீவிய மரத்தகடுகள். கரி மையால் எழுதியவை. காற்றுப் புகாத சேற்றில் புதைந்ததால் மக்கவில்லை. கண்ணுக்குத் தெரியாமல் மங்கிப்போன எழுத்தை அகச்சிவப்புப் படப்பிடிப்பில் படிக்கிறார்கள்.

அவற்றில் ஒன்று, கி.பி. 1ஆம் நூற்றாண்டின் கடைசியில் ஒரு மே 18 அன்று எழுதிய வருகைப் பதிவு. லீஜியனில் சேராத துணைப்படையான முதலாம் டங்ரியன் கோஹார்ட்டின் மொத்த ஆள்கணக்கு 752. அதில் வெளியே போனவர்கள் 456 பேர். 337 பேர் கோரியா என்ற பக்கத்துக் கோட்டையில், 46 பேர் ஆளுநரின் காவலுக்கு, ஒரு செஞ்சூரியன் லண்டனில், மற்றவர்கள் வேறு வேலைகளில். கோட்டையில் எஞ்சியவர்கள் 296. அவர்களில் நோயாளிகள் 15, காயம்பட்டவர்கள் 6, கண் வீக்கத்தால் அவதிப்படுபவர்கள் 10. அன்று பணிக்குத் தகுதியாக இருந்தவர்கள் 265 பேர்.

752இல் 265. எல்லைக் கோட்டை என்றால் முழுப்படையும் வாளோடு மதில்மேல் நிற்கும் என்ற கற்பனையை இந்த ஒரு சீட்டு கலைத்துவிடுகிறது. அதே சமயம் இந்தக் கணக்கின் நுணுக்கத்தைக் கவனிக்க வேண்டும். எவன் எங்கே இருக்கிறான், எவனுக்குக் கண்ணில் நோய் என்பதுவரை தெரிந்து வைத்திருந்த நிர்வாகம் அது. மற்ற சீட்டுகளில் காலுறை அனுப்பிய செய்தி, வீரர்களுக்குப் பீர் தீர்ந்துபோனதால் அனுப்பச் சொல்லும் வேண்டுகோள், பிறந்தநாள் அழைப்பு எல்லாம் உண்டு. கடன் கணக்கு ஒன்றில் டாப்போவின் மகன் காம்பாக்ஸ் என்ற வீரன் 2 டெனாரியஸ் காசுக்கு மிளகு வாங்கியதும் பதிவாகியிருக்கிறது.

டங்ரியர்கள் இன்றைய பெல்ஜியப் பகுதியைச் சேர்ந்தவர்கள். பின்னர் இதே கோட்டையில் இருந்த படேவியர்கள் ரைன் முகத்துவாரத்தைச் சேர்ந்தவர்கள், கி.பி. 69இல் ரோமை எதிர்த்துப் பெருங்கலகம் செய்த இனம். ஒரு தலைமுறை கழித்து அதே இனத்து ஆட்கள் ரோமுக்காகப் பிரிட்டனில் காவல் காக்கிறார்கள். துணைப்படையில் 25 ஆண்டு உழைத்தவனுக்கு ரோமானியக் குடியுரிமை கிடைக்கும். அதை வெண்கலத் தகட்டில் பொறித்துச் சான்றாகக் கொடுப்பார்கள். அவன் பிள்ளைகள் ரோமானியர்களாக வளர்வார்கள். வாளால் பிடித்ததை ரோம் இந்தத் தகட்டால் தக்கவைத்தது.

காட்டுக்குள் உடைந்த வரிசை

சேர்த்துக்கொண்டவன் திரும்பி நின்றால் என்ன ஆகும் என்பதை ரோம் கி.பி. 9இல் கண்டது. ஆர்மீனியஸ் ஜெர்மானியச் செருஸ்கி இனத்தவர். ரோமானியத் துணைப்படையில் பணியாற்றிக் குடியுரிமையும் உயர்குடித் தகுதியும் பெற்றவர். ரோமானியப் படையின் பலம் எது, பலவீனம் எது என்று உள்ளிருந்தே அறிந்தவர். ஆளுநர் வாரஸின் நம்பிக்கையைப் பெற்று, மூன்று லீஜியன்களைக் காட்டு வழியில் போகச் செய்தார். குறுகிய பாதை, மழை, சேறு. படை பல கிலோமீட்டர் நீளத்துக்கு இழுபட்டது. வரிசை கட்ட இடமில்லை, பாசறைக்கு ஏற்ற நிலமில்லை. சில நாள் தொடர்ந்த தாக்குதலில் 17, 18, 19ஆம் லீஜியன்கள் அழிந்தன. அந்த எண்களை ரோம் மறுபடி எந்தப் படைக்கும் வைக்கவில்லை.

ஜெர்மனியின் கால்க்ரீஸ் பகுதியில் 1987 முதல் ரோமானிய நாணயங்களும் கவண் குண்டுகளும் கிடைத்தன. வாரஸின் பெயர்முத்திரை குத்திய காசுகளும் அவற்றில் உண்டு. மனித எலும்புகள் குழிகளில் கிடைத்தன. சில ஆண்டுகள் வெட்டவெளியில் கிடந்த பிறகே அவை புதைக்கப்பட்டிருந்தன. ஆறு ஆண்டு கழித்து ரோமானியத் தளபதி ஜெர்மானிக்கஸின் படை வந்து எலும்புகளை அடக்கம் செய்ததாக வரலாற்றாசிரியர் டாசிட்டஸ் எழுதியதோடு இது ஒத்துப்போகிறது. அண்மையில் உலோகவியலும் கைகொடுத்தது. ஒவ்வொரு லீஜியனிலும் சொந்தக் கொல்லர்கள் உண்டு. உடைந்ததை உருக்கி, புதியது வார்த்துத் திரும்பத் திரும்பச் செய்ததில், அந்தப் படையின் வெண்கலத்தில் கலந்த சிறு தனிமங்களின் விகிதம் அதற்கே உரிய கைரேகையாகிவிடுகிறது. 19ஆம் லீஜியன் முன்பு தங்கியிருந்த டாங்ஸ்டெட்டன் தளத்துப் பொருள்களின் கைரேகையும் கால்க்ரீஸ் பொருள்களின் கைரேகையும் பொருந்தின.

அதன்பிறகும் ரோமானியப் படைகள் ரைனைக் கடந்து பலமுறை போயின, சில போர்களில் வென்றன. ஆனால் ஜெர்மானியக் காடுகளில் பெரிய ஊர்கள் குறைவு, தானியக் கிடங்குகள் குறைவு, ரோமானியர்களுக்குத் தேவையான திசையில் ஓடும் ஆறுகளும் குறைவு. அங்கே படையை ஆண்டு முழுவதும் வைத்துச் சோறு போடும் செலவுக்கு ஏற்ற வரவு இல்லை. ரைன் எல்லையாக நிலைத்தது. கால் நாட்டில் பலித்த அதே முறை இங்கே பலிக்காததற்கு ஆர்மீனியஸின் துணிவும் காரணம், கோதுமைக் கணக்கும் காரணம்.

பனிக்கட்டியில் படிந்த செலவு

போர் ஓய்ந்தாலும் படைக்குச் சம்பளம் ஓயாது. முதல் பேரரசர் அகஸ்டஸ் காலத்தில் லீஜியன் வீரனுக்கு ஆண்டுக்கு 225 டெனாரியஸ். ஓய்வு பெறுபவனுக்குக் கொடுக்கும் தொகைக்காகக் கி.பி. 6இல் தனிக் கருவூலமே அமைத்து, வாரிசுச் சொத்தில் 5 விழுக்காடும் ஏல விற்பனையில் 1 விழுக்காடும் வரி போட்டார் அகஸ்டஸ். கொள்ளையில் வாழ்ந்த படை வரியில் வாழத் தொடங்கிய திருப்பம் அது.

இந்தச் செலவின் தடம் கிரீன்லாந்தின் பனியில் இருக்கிறது. டெனாரியஸ் வெள்ளிக் காசு. ஈயத் தாதுவை உருக்கித்தான் பெரும்பாலும் வெள்ளியைப் பிரித்தார்கள். அந்தப் புகையில் கலந்த ஈயத்துகள் காற்றில் வடக்கே போய்ப் பனியோடு படிந்தது. ஆண்டுதோறும் அடுக்கடுக்காகச் சேர்ந்த பனியைத் துளையிட்டு எடுத்து, அதில் உள்ள ஈயத்தை அளந்த ஆய்வு 2018இல் வெளியானது. பேரரசின் அமைதியான முதல் இரு நூற்றாண்டுகளில் ஈயம் உயர்ந்து நிற்கிறது. குடியரசின் கடைசிக்கால உள்நாட்டுப் போர்களில் தாழ்கிறது. கி.பி. 165இல் தொடங்கிய கொள்ளைநோயோடு சரிந்து, பல நூற்றாண்டுகள் மீளவேயில்லை. அந்த நோயைக் கிழக்கே பார்த்தியாவில் போர் முடித்துத் திரும்பிய வீரர்கள் கொண்டுவந்ததாக அக்காலத்தவர்கள் எழுதினார்கள். படை விரைந்து செல்லப் போட்ட சாலைகளில் நோயும் விரைந்தது.

வெள்ளி குறைந்தது, சம்பளம் குறையவில்லை. யார் கூடுதலாகக் கொடுப்பாரோ அவர் பக்கம் படை சாய்ந்தது. கி.பி. 193இல் அரண்மனைக் காவல்படை ஒரு பேரரசரைக் கொன்றுவிட்டு அரியணையை ஏலம் விட்டது. தலைக்கு 25,000 செஸ்டர்ஸ் காசுகள் கொடுப்பதாகச் சொல்லி வாங்கிய டிடியஸ் ஜூலியானஸ் 66 நாளே ஆண்டார். 235க்கும் 284க்கும் இடையில் இருபதுக்கும் மேற்பட்ட பேரரசர்கள் வந்து போனார்கள். பெரும்பாலோரைப் படையே ஏற்றியது, படையே இறக்கியது. 270 வாக்கில் வெள்ளிக் காசு என்று பெயர் சொன்னதில் வெள்ளி 5 விழுக்காட்டுக்கும் கீழே.

ரோமானியப் படையிடம் கற்றுக்கொள்ள நிறைய இருக்கிறது. அன்றாட வேலையைச் சீராகச் செய்பவர்களின் கூட்டுப் பலம், தனிமனித வீரத்தைவிட நீண்ட தூரம் போகும். கணக்கு எழுதுபவனும் கழுதை ஓட்டுபவனும் குழி வெட்டுபவனும் இல்லாமல் எந்தத் தளபதியும் வென்றதில்லை. ஆனால் அந்தச் சீரான வேலையே மண்டூபியக் குழந்தைகளைப் பட்டினி போட்ட மதிலையும் கட்டியது. ஒரு வேலையை நேர்த்தியாகச் செய்வது வேறு, அந்த வேலை நேர்மையானதா என்பது வேறு. முன்னதில் ரோமுக்கு இணை குறைவு, பின்னதைக் கேட்கும்படி அது தன் படையிடம் சொன்னதில்லை. பேரரசுகளின் வரலாற்றைப் படிக்கும்போது யார் வென்றார், யார் தோற்றார் என்பதோடு நிறுத்திவிடக் கூடாது. அந்தப் படைக்குச் சோறு யாருடைய வயலிலிருந்து வந்தது, அது வெட்டிய அகழிக்கு அப்பால் நின்றவர்கள் என்ன ஆனார்கள் என்று கேட்க வேண்டும். இந்த இரண்டு கேள்விகளுக்கும் பதில் தேடுபவர்களுக்கே போர் என்பது முழுமையாகப் புரியும்.